கலைப் பக்கத்திலிருந்து கேமராவுக்கு: வாசகர் கேள்வி – பதில்

இந்த மாதம் வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் ஒரே விஷயத்தைப் பற்றியவை. பத்திரிகைகளில் கலை, நாடகம், இலக்கியம் எழுதிக்கொண்டிருப்பவர்கள், ஆவணப்படம், வெப் சீரிஸ், சினிமா என்று தயாரிப்புப் பக்கம் போகலாமா என்று கேட்டிருக்கிறார்கள். நான் 14 வருடம் ஒரு வார இதழில் கலைப் பக்கம் பார்த்துவிட்டு, கடந்த 8 வருடமாக ஆவணப்படத் தயாரிப்பில் இருக்கிறேன், அதனால் என்னிடம் கேட்கிறார்கள். எழுதியவர்களில் பலர் இன்னும் வேலையில் இருப்பதால் ஊர்ப் பெயரோடு நிறுத்திக்கொள்கிறேன்.

கேள்வி: 11 வருடமாக ஒரு நாளிதழ் இணைப்பில் நாட்டார் கலைகள், நாடகம், புத்தகங்கள் பற்றி எழுதுகிறேன். ஆவணத் தொடர் எடுக்கும் ஒருவர் ஆராய்ச்சிக்கும் எழுத்துக்கும் கூப்பிடுகிறார். இந்த 11 வருடம் அங்கே கணக்கில் வருமா, இல்லை மறுபடி ஒன்றாம் வகுப்பா? – மதுரை

பதில்: கணக்கில் வரும். உங்கள் நடையை, உவமையை, முதல் பத்தியை எப்படித் தொடங்குகிறீர்கள் என்பதை அங்கே யாரும் கேட்கப்போவதில்லை. உங்கள் நோட்டைத்தான் கேட்பார்கள். எந்த ஊரில் யார் இன்னும் ஆடுகிறார், எந்த மாதம் போனால் பார்க்கலாம், அந்தக் குழுவில் முதலில் யாரிடம் பேச வேண்டும், யார் பெயரை யார் முன்னால் எடுக்கக் கூடாது, இதெல்லாம் தெரிந்த ஆள் ஒரு யூனிட்டுக்குக் கிடைப்பது அபூர்வம். கட்டுரையில் இடமில்லை என்று நீங்கள் விட்டுவிட்ட குறிப்புகள்தான் அங்கே முதலில் விலை போகும்.

ஆனால் ஒரு பழக்கத்தை விட வேண்டியிருக்கும், அது எனக்கு எப்படிப் புரிந்தது என்று சொல்கிறேன். திருவண்ணாமலை மாவட்டத்தில் ஒரு கூத்து வாத்தியாரைப் பற்றி முன்பு நீண்ட கட்டுரை எழுதியிருந்தேன். அவர் 'கர்ண மோட்சம்' கூத்தில் கர்ணன் வேஷம் கட்டுவார். நான்கு ராத்திரி கூடவே இருந்து எழுதிய அந்தக் கட்டுரையின் கடைசி வரி: "விடியும்போது கர்ணன் செத்துப்போனான், வாத்தியார் டீ கேட்டார்." அதைப் படித்துவிட்டுத்தான் ஒரு தயாரிப்பாளர் என்னைக் கூப்பிட்டார், அந்த வரியைப் படத்தில் வைக்க வேண்டும் என்றார்.

அந்த ஒரு வரிக்கு ஒரு ராத்திரி முழுக்க யூனிட் வேலை பார்த்தது. கூத்துக்காரர்கள் போட்டிருந்த விளக்கு வெளிச்சம் கேமராவுக்குப் போதவில்லை. கூடுதல் விளக்குக்கு ஜெனரேட்டர் வந்தது. ஜெனரேட்டர் இரைச்சலில், வசனத்துக்கு நடுவே வாத்தியார் மூச்சு வாங்குவது பதிவாகவில்லை என்று சவுண்ட் ரெக்கார்டிஸ்ட் சொன்னார், உடனே அதை ஏரிக்கரை வரைக்கும் தள்ளிக்கொண்டு போய் வைத்து அங்கிருந்து கேபிள் இழுத்தோம். எல்லாம் சரியாகப் போனது. விடிந்தது, கர்ணன் விழுந்தான். வாத்தியார் திரைக்குப் பின்னால் வந்து கிரீடத்தைக் கழற்றினார், தோளில் புஜக்கட்டையின் கயிறு பதிந்து செவேலென்று இருந்தது, முகத்தில் அரிதாரம் வேர்வையோடு வழிந்துகொண்டிருந்தது, "டீ குடுப்பா" என்று கையை நீட்டினார். கேமரா அப்போது கூட்டத்தை எடுத்துக்கொண்டிருந்தது.

அவசரமாகத் திரும்பி, இன்னொரு முறை கேட்கச் சொன்னோம். கேட்டார். இரண்டாவது டீயையும் குடித்தார், எங்களைப் பார்த்துக்கொண்டே. அதில் ஒன்றுமே இல்லை.

அவர் எந்த நேரத்தில் எந்தப் பக்கம் வந்து உட்காருவார் என்பது அந்த இடத்தில் எனக்கு மட்டும்தான் தெரியும். நான்கு ராத்திரி பார்த்திருக்கிறேன். ஆனால் கேமராமேனிடம் சொல்லவில்லை, அது என்னுடைய வரி என்று மனசுக்குள் வைத்திருந்துவிட்டேன். பத்திரிகையாளனுக்கு அது பழகிப்போன விஷயம். பார்த்ததை யாரிடமும் சொல்லாமல் அடைகாத்து, மேஜையில் உட்கார்ந்து எழுதும்போதுதான் இறக்கி வைப்போம். படப்பிடிப்பில் உங்களுக்குத் தெரிந்தது எல்லாம் முந்தின நாள் சாயங்காலமே பத்து பேருக்குத் தெரிந்திருக்க வேண்டும். அடுத்த மாதம் பக்கத்து ஊரில் அதே கூத்து நடந்தபோது, டீ கொண்டுவரும் பையன் எந்த வழியாக வருவான் என்பது வரை ஒரு தாளில் வரைந்து கொடுத்தேன். இப்போது படத்தில் இருப்பது அந்த டீ.

கேள்வி: தமிழ்ப் பத்திரிகை உலகத்திலிருந்து திரைக்குப் போய் நிலைத்தவர்கள் யார்? நமக்கு முன்மாதிரி என்று யாராவது உண்டா? – தஞ்சாவூர்

பதில்: நிறையவே உண்டு, தமிழ் சினிமாவும் தமிழ்ப் பத்திரிகையும் ஒரே வீட்டில் வளர்ந்தவைதானே. எஸ்.எஸ்.வாசன் 1928-ல் ஆனந்த விகடனை 200 ரூபாய்க்கு வாங்கினார். அவர் விகடனில் எழுதிய சதி லீலாவதி 1936-ல் படமானது, எம்.ஜி.ஆருக்கு முதல் படம் அதுதான். அப்புறம் தீயில் சேதமான ஒரு ஸ்டூடியோவை ஏலத்தில் எடுத்து ஜெமினி ஆக்கினார், 1948-ல் சந்திரலேகா வந்தது. அவர் சினிமாவுக்குக் கொண்டுபோனது எழுத்தைக் காட்டிலும் வாசகனைப் பற்றிய அறிவை என்றுதான் எனக்குத் தோன்றுகிறது. விளம்பரத் தொழிலில் இருந்து வந்தவர், குறுக்கெழுத்துப் போட்டி வைத்து விற்பனையை ஏற்றியவர், மக்கள் எதற்குக் காசு கொடுப்பார்கள் என்பது அவருக்கு இதழ் நடத்தியே தெரிந்திருந்தது. விகடனில் பயணக் கட்டுரைகளால் பெயர் வாங்கிய மணியன், வித்வான் வே.லட்சுமணனோடு சேர்ந்து உதயம் புரொடக்‌ஷன்ஸ் தொடங்கி 1972-ல் தன் கதையையே இதய வீணையாக எடுத்தார். நம் காலத்தில் ராஜு முருகன், த.செ.ஞானவேல் இருவரும் விகடனில் எழுதியவர்கள்தான். 1993-ல் நடந்த ஒரு காவல் மரணத்தையும் அதன் பின்னால் நடந்த வழக்கையும் ஞானவேல் ஜெய் பீம் படமாக்கியபோது, ஒரு நிருபரின் உழைப்பு அதில் காட்சிக்குக் காட்சி தெரிந்தது.

ஆனால் இந்தக் கேள்வியைக் கேட்டதும் என் மனசு போவது புதுமைப்பித்தனிடம். தினமணியில் வேலை பார்த்தவர், கறாரான புத்தக மதிப்புரைகளுக்குப் பெயர் போனவர். 1943-ல் அதன் ஆசிரியர் டி.எஸ்.சொக்கலிங்கம் தினமணியிலிருந்து வெளியேறியபோது கூடவே வெளியேறி 'தினசரி' என்ற நாளிதழுக்குப் போனார், அப்புறம் சினிமா. ஜெமினியின் அவ்வையாருக்கு எழுதினார். அதோடு நிற்காமல் பர்வதகுமாரி புரொடக்‌ஷன்ஸ் என்று சொந்தமாகவே ஒரு கம்பெனி தொடங்கி, வசந்தவல்லி என்ற படத்தை எடுக்க முயன்றார். பர்வதத்தம்மாள் அவர் அம்மாவின் பெயர். படம் நடக்கவில்லை. பாகவதரின் ராஜமுக்திக்கு வசனம் எழுதப் புனே போனார், அங்கே காசநோய் முற்றியது, 1948 ஜூன் 30-ல் திருவனந்தபுரத்தில் இறந்தார், வயது 42. அந்த வருடங்களில் அவர் மனைவி கமலாவுக்கு எழுதிய கடிதங்கள் புத்தகமாக வந்திருக்கின்றன. பணம் அனுப்புகிறேன், இன்னும் கொஞ்ச நாளில் எல்லாம் சரியாகிவிடும் என்ற பேச்சு அவற்றில் திரும்பத் திரும்ப வருகிறது. திரைக்குப் போக நினைக்கிற ஒவ்வொரு எழுத்தாளரும், வீட்டில் இருப்பவர்களையும் பக்கத்தில் வைத்துக்கொண்டு அந்தக் கடிதங்களைப் படிக்க வேண்டும் என்று நான் உண்மையாகவே நினைக்கிறேன். அவருக்குத் திறமை போதவில்லை என்று யார் சொல்ல முடியும்? போதாதது மூலதனம், அப்புறம் உடம்பு.

முன்மாதிரி என்று ஒருவரைச் சொல்லச் சொன்னால், தமிழ்நாட்டுக்கு வெளியே போய் கே.ஏ.அப்பாஸைச் சொல்வேன். பம்பாய் கிரானிக்கிளில் நிருபராகச் சேர்ந்து சினிமா விமர்சகரானவர். 1941-ல் பாம்பே டாக்கீஸுக்கு எழுதிய நயா சன்சார் ஒரு பத்திரிகையாளனைப் பற்றிய கதை, அதாவது தனக்கு நன்றாகத் தெரிந்த அறையிலிருந்தே ஆரம்பித்தார். 1946-ல் வங்கப் பஞ்சத்தை வைத்து தர்தி கே லால் எடுத்தார். ராஜ் கபூருக்கு ஆவாரா எழுதினார். பிறருக்கு எழுதிச் சம்பாதித்ததைத் தன் படங்களில் போட்டார், பல படங்களில் நஷ்டம். நடைபாதையில் குடும்பம் நடத்தும் ஒரு ஜோடியைப் பற்றிய ஷெஹர் அவுர் சப்னா 1963-க்கான சிறந்த படம் என்று தேசிய விருது வாங்கியது. இத்தனைக்கும் நடுவில் 'கடைசிப் பக்கம்' என்ற பத்தியை அவர் நிறுத்தவே இல்லை. கிரானிக்கிளில் தொடங்கி பிளிட்ஸ் வார இதழுக்கு மாறி 1987-ல் சாகும்வரை எழுதினார். ஒரு படம் விழுந்தால் அடுத்த வாரம் உட்கார்ந்து எழுத அவருக்கு ஓர் இடம் இருந்தது. நான் இந்தப் பக்கத்தை விடாமல் வைத்திருப்பதற்கு அவர்தான் காரணம்.

கேள்வி: நான் சம்பளத்துக்கு இருக்கும் இதழில் வந்த என் கட்டுரையைப் படமாக்க ஒருவர் கேட்கிறார். ஆசிரியரிடம் அனுமதி வாங்க வேண்டுமா? கட்டுரையில் வரும் குடும்பத்திடமும் கேட்க வேண்டுமா? – சென்னை

பதில்: இரண்டு கேள்வி இருக்கிறது, இரண்டாவதுதான் பெரிது.

முதலில் சட்டம். 1957-ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்தின் 17-வது பிரிவில் பத்திரிகையாளர்களுக்கென்றே ஒரு வரி இருக்கிறது, நம்மில் பலருக்கு அது தெரியாது. சம்பள ஊழியர் இதழுக்காக எழுதியதில், பத்திரிகையில் வெளியிடும் உரிமை மட்டும்தான் முதலாளிக்கு. மற்ற எல்லா விதத்திலும், படமாக்குவது உட்பட, முதல் உரிமையாளர் எழுதியவர்தான். ஆனால் "வேறு ஒப்பந்தம் இல்லாத பட்சத்தில்" என்று ஒரு நிபந்தனை அதோடு ஒட்டிக்கொண்டிருக்கிறது. வேலையில் சேர்ந்த நாளில் நீங்கள் கையெழுத்துப் போட்ட தாளைத் தேடி எடுங்கள். எல்லா உரிமையும் நிறுவனத்துக்கே என்று அதில் இருந்தால், ஆசிரியரிடம் போய் எழுத்தில் அனுமதி வாங்காமல் எதுவும் பேசாதீர்கள். சம்பளம் இல்லாமல் கட்டுரைக்கு இவ்வளவு என்று எழுதுபவர் என்றால், எழுதிக் கொடுத்திருந்தாலொழிய உரிமை உங்களுடையது.

தயாரிப்பாளரோடு போடும் ஒப்பந்தத்திலும் சிலதைக் கவனியுங்கள். உரிமை மாற்றம் என்றால் அது எழுத்தில், கையெழுத்தோடு இருக்க வேண்டும். எத்தனை வருடம் என்று எழுதாமல் விட்டால் சட்டப்படி 5 வருடம், எந்த இடம் என்று எழுதாமல் விட்டால் இந்தியா மட்டும். வாங்கியவர் ஒரு வருடத்துக்குள் அந்த உரிமையைப் பயன்படுத்தாவிட்டால் அது காலாவதியாகிவிடும், ஒப்பந்தத்தில் வேறு மாதிரி சொல்லியிருந்தால் தவிர. அவர்கள் தரும் தாளில் பெரும்பாலும் வேறு மாதிரிதான் சொல்லியிருக்கும், அதனால் ஒவ்வொரு பக்கமும் படியுங்கள். 2012-ல் வந்த திருத்தத்துக்குப் பிறகு, தியேட்டரில் ஓடுவது போக மற்ற பயன்பாடுகளில் எழுத்தாளருக்கு வர வேண்டிய ராயல்டியைத் தயாரிப்பாளர் தன் பெயருக்கு எழுதி வாங்கிக்கொள்ள முடியாது. அப்படி ஒரு வரி இருந்தால் அடித்துவிடச் சொல்லிக் கேளுங்கள். அப்புறம், வெறும் ஐடியாவுக்கு உரிமை கிடையாது. ஆர்.ஜி.ஆனந்த் என்ற நாடக ஆசிரியர் தன் நாடகத்தைப் படமாக்கிவிட்டார்கள் என்று போட்ட வழக்கில் 1978-ல் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டது. எனவே டீக்கடையில் கதை சொல்லாதீர்கள், எழுதி, எழுத்தாளர் சங்கத்தில் பதிவு செய்துவிட்டு அப்புறம் சொல்லுங்கள்.

இப்போது அந்தக் குடும்பம். 1994-ல் நக்கீரன் இதழ் தொடர்பான வழக்கில் (ஆட்டோ சங்கரின் சுயசரிதையை வெளியிடுவது பற்றியது) உச்ச நீதிமன்றம், நீதிமன்ற ஆவணம் போன்ற பொது ஆவணங்களில் இருப்பதை அனுமதி இல்லாமல் எழுதலாம், அதைத் தாண்டி ஒருவரின் சொந்த வாழ்க்கைக்குள் போனால் பொறுப்பேற்க வேண்டியிருக்கும் என்றது. சட்டம் அவ்வளவுதான் கேட்கிறது. நான் அதற்கு மேலும் கேட்பேன். அந்தக் குடும்பம் உங்களிடம் பேசியது ஒரு கட்டுரைக்காக. படத்துக்காக இன்னொரு முறை போய், உட்கார்ந்து, என்ன எடுக்கப்போகிறோம் என்று சொல்லிக் கேளுங்கள்.

அந்தக் கூத்து வாத்தியார் வீட்டுக்கு நான் அப்படிப் போனபோது அவர் உடனே சரி என்றுவிட்டார். அவர் மனைவி முறத்தில் கேழ்வரகு புடைத்துக்கொண்டிருந்தார், கையை நிறுத்தாமலே சொன்னார்: "பேப்பர்ல வந்தது நாலு நாள்ல பொட்டலம் மடிச்சிட்டாங்க தம்பி. இது இருந்துகிட்டே இருக்குமே. கடன்காரன் வந்து நின்ன கதைய மட்டும் விட்டுடு." கட்டுரையில் அந்தக் கடன்தான் மையம். படத்தில் அது இல்லை. இயக்குநருக்கு வருத்தம், எனக்கும் கொஞ்சம் இருந்தது, ஆனால் அந்த அம்மா கேட்டது நியாயம்.

கேள்வி: வயது 43, இரண்டு பிள்ளைகள், வீட்டுக் கடன். வேலையை விட்டுவிட்டு வரலாமா? – சேலம்

பதில்: விட வேண்டாம், இப்போதைக்கு. தயாரிப்பில் மாதச் சம்பளம் என்பது சில நிறுவனங்களில் சில பேருக்குத்தான். எழுத்துக்குப் பணம் தவணையாக வரும்: கையெழுத்தானதும் ஒரு பங்கு, முதல் வரைவுக்கு ஒரு பங்கு, முழு ஸ்கிரிப்ட் முடிந்ததும் ஒரு பங்கு, படப்பிடிப்பு தொடங்கும்போது மிச்சம். இதில் "படப்பிடிப்பு தொடங்கும்போது" என்பது உங்கள் கையில் இல்லாத தேதி. நான் முதல் வருடம் எழுதிய ஒரு தொடரை, மூன்றாவது தவணைக்கு முன்னால் தயாரிப்பு நிறுவனம் நிறுத்திவிட்டது. 8 மாதம் எழுதியிருந்தேன், பாக்கி இன்றுவரை வரவில்லை. அந்த வருடம் பெண்ணின் பள்ளிக் கட்டணத்தை என் அண்ணன் கட்டினார். அதற்குப் பிறகு நான் ஒப்பந்தங்களில் "படப்பிடிப்பு" என்ற சொல்லை எடுத்துவிட்டு, ஸ்கிரிப்ட் ஒப்படைத்த நாளிலிருந்து இத்தனை நாளுக்குள் என்று தேதி போடச் சொல்கிறேன். சிலர் ஒத்துக்கொள்கிறார்கள்.

நீங்கள் விடுப்பு எடுத்துக்கொண்டு ஒரே ஒரு வேலை செய்து பாருங்கள். ஒரு ஷெட்யூல் முழுக்க லொகேஷனில் இருங்கள். காலை 5 மணிக்கு வண்டி ஏறி ராத்திரி வந்து அடுத்த நாள் சீன் பேப்பரைத் திருத்துவது உடம்புக்கு ஒத்துவருகிறதா என்பது 43 வயதில் முக்கியமான கேள்வி. ஒத்துவரவில்லை என்றால், வீட்டிலிருந்தே செய்யக்கூடிய ஆராய்ச்சி வேலையும் வசன வேலையும் இருக்கின்றன. வீட்டுக் கடன் முடியும்வரை அப்படிப் போகலாம்.

கேள்வி: சினிமா விமர்சனம் எழுதுகிறேன். ஒரு பட நிறுவனத்தில் ஸ்கிரிப்ட் வேலையும் வந்திருக்கிறது. இரண்டையும் செய்யலாமா? – கோவை

பதில்: கூடாது. முதல் அட்வான்ஸ் வாங்குகிற அன்றே ஆசிரியருக்குக் கடிதம் கொடுத்துவிட்டு விமர்சனத்தை நிறுத்துங்கள். கடுமையாக எழுதியதால் கதவு அடைபடுமோ என்று பயந்து இப்போதே பேனாவை மழுக்கவும் வேண்டாம். பிரான்ஸில் த்ரூஃபோ எழுதிய விமர்சனங்களின் காரத்துக்கு 1958 கான் விழாவில் அவருக்கு அனுமதிச் சீட்டே தரவில்லை, மறு வருடம் அதே விழாவில் தன் முதல் முழுநீளப் படத்துக்குச் சிறந்த இயக்குநர் விருது வாங்கினார். கடுமையை மறந்துவிடுவார்கள். ஒரு கையில் பட நிறுவனத்துச் சம்பளமும் மறு கையில் விமர்சன ஸ்டாரும் வைத்திருந்தவர் என்று பெயர் வந்தால், அதை உங்கள் வாசகர் மறக்க மாட்டார்.

கேள்வி: திரைப்படக் கல்லூரியில் சேர வயதும் பணமும் இல்லை. எதை முதலில் கற்றுக்கொள்வது? – திருநெல்வேலி

பதில்: எடிட்டிங். கேமராவைப் பற்றி அப்புறம் தெரிந்துகொள்ளலாம், லென்ஸ் பெயரெல்லாம் ஆறு மாதத்தில் தானாக வாயில் வந்துவிடும்.

காரணம் சொல்கிறேன். எழுதும்போது, ஒருவர் இரண்டு இடத்தில் சொன்னதைச் சேர்த்து ஒரே வாக்கியமாக்குகிறோம், நடுவில் அவர் இருமியதை, "அது என்னமோ போங்க" என்றதை எடுத்துவிடுகிறோம். தாளில் தையல் தெரியாது. திரையில் அப்படி வெட்டினால் அவர் தலை சட்டென்று ஒரு பக்கத்திலிருந்து இன்னொரு பக்கம் குதிக்கும். அந்த வெட்டை மூட அந்த இடத்தில் அவர் கையை, வாசலில் கிடக்கும் செருப்பை, ஆர்மோனியத்தின் தேய்ந்த கட்டையை வைக்க வேண்டும். அவற்றைப் பேட்டி எடுத்த அன்றே எடுத்திருந்தால்தான் வைக்க முடியும், திரும்பிப் போய் எடுத்தால் வெயில் மாறியிருக்கும், அவர் வேறு சட்டை போட்டிருப்பார். இது எடிட்டர் பக்கத்தில் பத்து நாள் உட்கார்ந்தால் புரியும், புத்தகத்தில் படித்தால் புரியாது. பேட்டியில் ஒருவர் பேசி முடித்ததும் நாம் உடனே அடுத்த கேள்வி கேட்டுவிடுகிறோம் இல்லையா, அந்த இடத்தில் மூன்று விநாடி சும்மா இருக்க வேண்டும் என்பதையும் நான் எடிட் அறையில்தான் கற்றேன். அந்த மௌனத்தில் அவர் முகம் மாறுவதுதான் பல சமயம் காட்சியே.

உங்கள் ஊரிலேயே கல்யாண வீடியோ எடிட் செய்பவர்களும், யூடியூப் சேனலுக்கு எடிட் செய்பவர்களும் இருப்பார்கள். போய்க் கேளுங்கள். கற்றுக்கொடுங்கள் என்று கேட்க வேண்டாம், பேட்டி ஃபுட்டேஜ் முழுவதையும் கேட்டு, எத்தனையாவது நிமிஷம் எத்தனையாவது விநாடியில் யார் என்ன சொன்னார் என்று டைம்கோடோடு எழுதித் தருகிறேன் என்று சொல்லுங்கள். பத்திரிகைக்காரருக்கு அது கை வந்த வேலை, எடிட்டருக்கு அது தலைவலி. அதற்கு வேண்டாம் என்று சொன்ன எடிட்டரை நான் இதுவரை பார்த்ததில்லை.